பல்லுறையும் பந்தியும்

தவக்காலம் தொடங்குவதற்கு இரு வாரங்களுக்கு முன், நம் உறவினர் இல்லத் திருமணம் ஒன்று புதுவையில் நடைபெற்றது. திருப்பலி முடிந்து, மணமக்களை வாழ்த்திப் பேசியவர்களும் ஒருவாறு ஓய்ந்து, பந்தி தொடங்கியது. நமக்கு எதிர் வரிசையில் கல்லூரி மாணவி ஒருத்தி அமர்ந்திருந்தாள். நமக்கு மருமகள் முறை. யாரும் காணாதபடி முகத்தைத் திருப்பி, வாயிலிருந்து எதையோ கழற்றி, கைதுடைக்கும் தாளில் சுற்றி இலையோரத்தில் வைத்தாள். பிரியாணி வந்தது, வறுவல் வந்தது, பேச்சும் சிரிப்பும் வந்தன. அடுத்த பந்திக்காரர்கள் முதுகுக்குப் பின்னால் வந்து நின்றுகொண்டதால் அவள் அவசரமாக எழுந்து கைகழுவப் போனாள். இலை எடுப்பவர் தம் வேலையைச் செய்துவிட்டார்.

அரைமணி நேரத்திற்குப் பின் மண்டபத்தின் கொல்லைப்புறத்தில் நாம் கண்ட காட்சி சிரிப்பதற்குரியது அன்று. பெண்ணின் தந்தை பட்டு வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு எச்சில் இலைக் குவியலைக் கிளறிக்கொண்டிருந்தார். தாய்மாமன் கையில் ஒரு கழி. பெண் சுவரைப் பார்த்து நின்று அழுதுகொண்டிருந்தாள். “என்ன தொலைந்தது, கம்மலா, மூக்குத்தியா?” என்று கேட்ட முதியவர்களுக்கு யாராலும் சரியாக விடை சொல்ல முடியவில்லை. நாமும் ஒரு கழியை எடுத்துக்கொண்டோம். ஒரு மணி நேரம் தேடியும் பயனில்லை.

தொலைந்தது பல்லில் மாட்டும் ஓர் உறை. பிள்ளைகள் இதனை அலைனர் என்கிறார்கள். நம் வீடுகளில் பல வருடங்களாக அறிந்திருப்பது ‘பல்லுக்குக் கிளிப் போடுவது’. உலோகக் கம்பியைப் பல்லின்மேல் ஒட்டி, மாதந்தோறும் முறுக்கி, கோணிய பல்லை நேராக்குவது. இந்த உறையும் அதே வேலையைச் செய்ய வந்ததுதான். கண்ணாடிபோல் தெளிந்த மெல்லிய பிளாஸ்டிக்கால் ஆனது. கனம் ஒரு மில்லிமீட்டருக்கும் குறைவு. நினைத்தபோது கழற்றி மாட்டலாம். எதிரில் இருப்பவர் கண்ணுக்கு எளிதில் தெரியாது. தெரியாது என்பதே இதன் பெருமை. அன்றைய பந்தியில் வினையாய் முடிந்ததும் அதுவே. இப்போது நம் பங்குகளில் கல்லூரிப் பிள்ளைகள் மட்டுமன்றி, அலுவலகம் செல்லும் தாய்மாரும் இதனை அணியக் காண்கிறோம். ஆனால் உறை அணிந்தவர் உண்பதும் குடிப்பதும் எப்படி என்பதை வீட்டில் சமைக்கிறவர்களும் பரிமாறுகிறவர்களும் அறிந்திருப்பதில்லை. ஆதலால் இம்மாதம் இதனை எடுத்துக்கொண்டோம்.

பல்லை நேராக்கும் ஆசை புதிதன்று. நம் புதுவையை ஆண்டவர்களின் நாட்டில் பியேர் ஃபொஷார் என்ற மருத்துவர் 1728-ல் பல் மருத்துவத்திற்கென்றே ஒரு பெருநூல் வெளியிட்டார். வளைந்த உலோகப் பட்டை ஒன்றைப் பல்வரிசையோடு நூலால் கட்டி, பல்லை இடம் பெயர்க்கும் முறை அதில் கூறப்பட்டிருக்கிறது. ஆனந்தரங்கப்பிள்ளை தம் நாட்குறிப்பை எழுதத் தொடங்கியதற்கு எட்டாண்டு முந்திய செய்தி இது. கம்பியே இல்லாமல் வாய்க்குள் பொருந்தும் கருவி ஒன்றினால் பல்லைச் சிறிதளவு நகர்த்தலாம் என்று 1945-ல் கெஸ்லிங் என்ற அமெரிக்க மருத்துவர் காட்டினார். இன்று நாம் காணும் உறை, 1997-ல் கலிபோர்னியாவில் அலைன் டெக்னாலஜி என்ற நிறுவனம் தொடங்கப்பட்டபின் பரவியது. அதனைத் தொடங்கியவர்களில் ஒருவரான சியா சிஷ்டி, வளர்ந்தபின் கிளிப் போட்டுக்கொண்டவர். சிகிச்சைக்குப் பின் அணியும் உறை பல்லைச் சற்றே நகர்த்துவதைக் கண்டு, உறைகளை வரிசையாக அணிந்தால் என்ன என்று எண்ணினாராம். தேவை உள்ளவன் கண்ணுக்குத்தான் வழி தெரிகிறது போலும்.

இனி, உறை எப்படி வேலை செய்கிறது என்பதைச் சிறிது விளக்கவேண்டும். அது விளங்கினால் உணவு விதிகள் தாமே விளங்கிவிடும்.

பல் எலும்பில் ஆணிபோல் அடிக்கப்பட்டதன்று. வேருக்கும் தாடை எலும்புக்கும் இடையே மெல்லிய நார்ப்படலம் ஒன்று உண்டு. பல்லை ஒரு பக்கமாக மெல்ல அழுத்திக்கொண்டே இருந்தால், அழுந்தும் பக்கத்தில் எலும்பு சிறிது சிறிதாகக் கரைகிறது. விலகும் பக்கத்தில் புதிய எலும்பு ஊறுகிறது. பல் நகர்வது இவ்வாறுதான். ஓர் உறை ஒரு பல்லை ஏறத்தாழ கால் மில்லிமீட்டர்தான் நகர்த்தும். பின் அடுத்த உறை, அதன்பின் இன்னொன்று. மருத்துவர் கூறியபடி வாரத்திற்கு ஒன்றாகவோ இரு வாரங்களுக்கு ஒன்றாகவோ மாற்றவேண்டும். அழுத்தம் இடைவிடாது இருந்தால்தான் எலும்பு வழிவிடும். எடுத்துவிட்டால் பல் பழைய இடத்திற்கே திரும்பப் பார்க்கும். ஆகவேதான் நாளொன்றுக்கு 20 முதல் 22 மணி நேரம் உறை வாயில் இருக்கவேண்டும் என்கிறார்கள். இரவில் அணிந்து பகலில் பெட்டியில் வைப்பவர் பல், இரவில் ஓரடி வைத்துப் பகலில் ஓரடி பின்வாங்கும். இரு வாரங்கள் கழிந்து அடுத்த உறையை எடுத்தால் அது பொருந்தாது. பல்லுக்கும் உறைக்கும் இடையே காற்று தெரியும்.

உறையை அணிந்தபடி உண்ணக்கூடாது என்பது முதல் விதி. மெல்லும் விசையைத் தாங்க அது செய்யப்படவில்லை. விரிசல் விடும், நெளியும். ஆக, உண்ணும்போதெல்லாம் கழற்றவேண்டும். ஆனால் கழற்றியிருக்கும் நேரம் மொத்தம் இரண்டு மணிக்குள் அடங்கவேண்டும். இங்கேதான் புதுவைக்காரருக்குச் சோதனை.

நம் ஊர் நாள் எப்படிப் போகிறது என்று எண்ணிப் பாருங்கள். விடிந்ததும் காப்பி. எட்டரைக்குச் சிற்றுண்டி. பதினொரு மணிக்கு அலுவலகத்தில் தேநீர். ஒரு மணிக்குச் சோறு. நான்கு மணிக்கு மீண்டும் தேநீர், கூடவே வாழைக்காய் பஜ்ஜி. மாலை கடற்கரைச் சாலையில் காலாற நடந்தால் சுண்டல். ஒன்பது மணிக்கு இரவு உணவு. ஆக ஏழு முறை வாய் திறக்கிறது. ஒவ்வொரு முறையும் அரைமணி என்றாலே மூன்றரை மணி நேரம் ஆயிற்று. கழற்றியவர் உடனே மாட்டுவதும் இல்லை. ‘இன்னும் கொஞ்சம் பேசிவிட்டு’ என்று மேலும் அரைமணி போக்கினால் ஏழு மணி நேரம் ஓடிவிடுகிறது. மீதி 17. இதனை நம் மருமகளின் தாயிடம் விரல் விட்டு எண்ணிக் காட்டினோம். அவர் மறுநாளே ஒரு கணக்குப் போட்டார்: மூன்று வேளை உணவுக்கு 25 நிமிடமாக 75, மாலைச் சிற்றுண்டிக்கு 20, நான்கு முறையும் வாய் சுத்தம் செய்ய ஐந்தைந்து நிமிடம், 20. மொத்தம் 115 நிமிடம். இரண்டு மணிக்கு ஐந்து நிமிடம் மிச்சம். விடியற்காலைக் காப்பி சிற்றுண்டியோடு சேர்ந்துவிட்டது. பதினொரு மணித் தேநீர் தண்ணீராகிவிட்டது. மருத்துவமனையில் கொடுத்த அச்சிட்ட தாளைவிட இந்தத் தாயின் கணக்கு மேலானது என்பது நம் கருத்து.

குடிப்பதைப் பற்றி. உறையோடு குடிக்கத்தக்கது வெறும் தண்ணீர் ஒன்றே. அதுவும் குளிர்ந்ததோ, சாதாரணமானதோ. காப்பிக்கு என்ன தடை என்று கேட்பார்கள். அது என்ன, மெல்லுகிற பொருளா? தடை மூன்று. முதலாவது சூடு. உறை செய்யப்படுவதே பிளாஸ்டிக் தகட்டைச் சூட்டில் இளக்கிப் பல்லின் அச்சின்மேல் படியவைத்துத்தான். சூட்டில் உருவானது சூட்டில் உருமாறும். டபராவிலிருந்து ஆவி பறக்கும் காப்பியை உறையோடு குடித்தால் அது நுண்ணிய அளவில் நெகிழ்ந்துவிடலாம். கால் மில்லிமீட்டர் கணக்கில் வேலை செய்யும் பொருளுக்கு நுண்ணிய பிழையே பெரும் பிழை. கிருமி போகட்டும் என்று சில தாய்மார் உறையை வெந்நீரில் போடுகிறார்கள். பால் புட்டியைக் கொதிக்கவைத்துப் பழகிய கை. ஐயோ, அதனைச் செய்யவே செய்யாதீர்கள்.

இரண்டாவது சர்க்கரை. இதுவே நாம் அதிகம் அஞ்சுவது. இறைவன் நம் வாயில் வைத்திருக்கும் உமிழ்நீர் எளிய பொருளாகத் தோன்றினாலும், பல்லைக் காப்பது அதுவே. இனிப்பு எதையேனும் உண்டால் பல்லின்மேல் உள்ள நுண்ணுயிர்கள் அதனைப் புளிக்கச் செய்து அமிலமாக்குகின்றன. அமிலத்தைப் படிப்படியாகக் கழுவித் தணித்து, பல்லிழந்த சுண்ணாம்புச் சத்தை மீண்டும் ஊட்டுவது உமிழ்நீர். சாதாரணமாக அரைமணி முதல் ஒரு மணிக்குள் வாய் தன் நிலைக்குத் திரும்பும். உறையோ பல்லின்மேல் மூடிபோல் அமர்ந்திருக்கிறது. உறைக்குள் புகுந்த காப்பியும் பழச்சாறும் சர்பத்தும் அங்கேயே தேங்கும். உமிழ்நீர் உள்ளே போய்க் கழுவ வழியில்லை. சர்க்கரை நீரில் பல்லை ஊறப்போட்டதற்கு ஒப்பாகும். பல்லை நேராக்கச் சென்றவர் சொத்தைப் பல்லோடு திரும்பினால் என்ன பயன்? வரிசை நேராக இருக்கும், ஓட்டையும் இருக்கும்.

இதில் ‘நல்ல பானம்’, ‘கெட்ட பானம்’ என்ற வேற்றுமையும் உதவாது. பாட்டிலில் வரும் கோலாவைத் தீது என்று அனைவரும் ஒப்புக்கொள்கிறோம். ஆனால் எலுமிச்சைச் சாறு அமிலத்தில் அதற்குச் சளைத்ததன்று. இளநீரில் இயற்கைச் சர்க்கரை உண்டு. பாலிலும் உண்டு. மோர் புளிப்பு. வெயிற்காலத்தில் பிள்ளை களைத்து வந்தால் மோரோ இளநீரோ கொடுக்காமல் இருப்பதா? தாராளமாகக் கொடுங்கள். உறையைக் கழற்றிவிட்டு, உட்கார்ந்து, ஒரே மூச்சில் குடிக்கச் செய்து, நன்கு வாய் கொப்புளித்து, மீண்டும் மாட்டச் சொல்லுங்கள். ஒரு குவளையைக் கையில் வைத்துக்கொண்டு ஒரு மணி நேரம் உறிஞ்சிக்கொண்டிருப்பதுதான் ஆகாது. இருமல் மருந்தும் சத்து டானிக்கும் இனிப்பானவையே. அவற்றையும் உறையோடு விழுங்கலாகாது.

மூன்றாவது கறை. காப்பியும் தேநீரும் கறை பிடிக்கும் என்பது யாவரும் அறிந்தது. நம் அடுக்களையின் மஞ்சள் அவற்றுக்குச் சற்றும் குறைந்ததன்று. சாம்பாரோ மீன் குழம்போ உண்டு, வாய் கொப்புளிக்காமல் உறையை மாட்டினால் மாலைக்குள் அது மாம்பழ நிறமாகிவிடும். உறையைக்கூட வாரத்தில் மாற்றிவிடலாம். பல உறைகளுக்குப் பிடிமானமாகப் பற்களின்மேல் பல் நிறத்தில் சிறு பொட்டுகள் ஒட்டியிருப்பார்கள்; அவை சிகிச்சை முடியும்வரை இருப்பவை. அவற்றில் மஞ்சளேறினால் ‘கண்ணுக்குத் தெரியாத’ சிகிச்சை தெருக்கோடிக்குத் தெரியும். வெள்ளைச் சேலையில் பட்ட மஞ்சள் கறையை வெயிலில் உலர்த்திப் போக்கும் வித்தையை நம் இல்லத்தரசியர் அறிவார்கள். அந்த வித்தையை உறையிடம் காட்டவேண்டாம். புதுவையின் சித்திரை வெயிலில் மொட்டை மாடியில் வைத்த உறை கறையோடு உருவத்தையும் இழக்கும். குளிர்ந்த நீரும், மென்மையான தூரிகையும், சிறிது மென்மையான சோப்பும் போதும். நம் பெரியவர்கள் விரும்பும் பல்பொடி உறையைக் கீறிவிடும். கீறிய இடத்தில் அழுக்குத் தங்கும், நாற்றம் வரும்.

என்னதான் உண்ணலாம் என்றால், ஏறக்குறைய எல்லாம் உண்ணலாம். இதனைப் பெரியவர்கள் நம்ப மறுக்கிறார்கள். கிளிப் போட்ட பிள்ளைக்கு முறுக்கும் கடலை உருண்டையும் ஆகா என்று அவர்கள் கேட்டிருப்பது கம்பிக் கிளிப்புக்கு உரியது. கம்பியைக் கழற்ற முடியாது. உறையைக் கழற்றலாம். எனினும் பொட்டுகள் ஒட்டியவர்கள் கரும்பைக் கடித்து இழுப்பதும், நல்லி எலும்பைக் கடிப்பதும் பொட்டைப் பெயர்த்துவிடும். நம் ஊர் நீளரொட்டியின் முறுகிய மேலோட்டை முன்பல்லால் பிய்த்து இழுக்காமல், கையால் பிட்டு உண்பது நல்லது. புதிய உறை மாட்டிய முதல் இரண்டு மூன்று நாள் பல் தொட்டாலே நோகும். அந்நாள்களுக்கு இட்லி, இடியாப்பம், வெண்பொங்கல், குழைந்த பருப்புச் சோறு. தமிழர் வீட்டில் இதற்குத் தனியாகச் சமைக்கவே தேவையில்லை.

இதுவரை எழுதியதைவிடக் கவலையோடு எழுதவேண்டிய ஒன்று உண்டு. திருமணத்தன்று அழுத அந்தப் பெண்ணை அதன்பின் சில முறை கண்டோம். மெலிந்திருந்தாள். “அலைனர் போட்டதிலிருந்து நொறுக்குத் தீனி நின்றுவிட்டது, நல்லதுதானே” என்று வீட்டார் மகிழ்ந்தனர். உண்மை வேறு. கல்லூரியில் தோழியர் முன் உறையைக் கழற்ற வெட்கம். கைகழுவும் இடத்தில் எப்போதும் கூட்டம். பல் துலக்க இடமில்லை. ஆதலால் மதியச் சாப்பாட்டை அவள் அடியோடு விட்டுவிட்டாள். காலை எட்டு மணிக்கு உண்டவள் மாலை ஐந்து மணிவரை தண்ணீரிலேயே காலம் கழித்தாள். ஆயா கட்டிக் கொடுத்த சோற்றுப் பாத்திரம் திறக்கப்படாமலே வீடு திரும்பியது; வழியில் யாருக்கோ கொடுத்துவிட்ட நாள்களும் உண்டு. ஒருநாள் பேருந்தில் மயங்கி அருகிலிருந்த அம்மையாரின் தோளில் சாய்ந்தபோதுதான் செய்தி வெளிவந்தது.

22 மணி நேரம் என்ற எண்ணைப் பிள்ளைகள் மனத்தில் ஆணியடித்தாற்போல் பதிக்கிறோம். மீதி இரண்டு மணி நேரம் உண்பதற்கென்றே விடப்பட்டது என்பதைச் சொல்வதில்லை. வளரும் வயதில் ஒரு வேளை உணவைவிட ஒரு மணி நேர அழுத்தம் பெரிதன்று. துலக்க இடமில்லையென்றால் நன்றாக வாய் கொப்புளித்து, உறையையும் நீரில் அலசி மாட்டிக்கொண்டு, வீட்டுக்கு வந்ததும் துலக்கலாம். புளிப்பானதை உண்டபின் உடனே துலக்காமல் அரைமணி பொறுப்பது பல்லுக்கு நல்லதும்கூட. அமிலத்தால் இளகிய மேற்பூச்சைத் தூரிகை தேய்த்துவிடும். அந்தச் சமயத்தில் வாய் கொப்புளிப்பதே சிறந்தது. வெட்கத்திற்கு மருந்து நம்மிடம் இல்லை. ஆனால் அவள் தோழியர் இருவருக்கு விஷயம் தெரிந்தபின், அவர்களே அவளை மறைத்து நின்று கழற்றச் செய்கிறார்களாம். பெரியவர்களாகிய நாம் செய்யத் தவறியதை அவர்கள் செய்தார்கள்.

நம் பங்கில் ஒரு தாய் கேட்ட கேள்வியையும் இங்கே சேர்க்கிறோம். உறையை மாட்டியபடி நற்கருணை வாங்கலாமா? நற்கருணைக்கு முன் ஒரு மணி நேரம் உண்ணாமலும் குடிக்காமலும் இருக்கவேண்டும் என்பது 1964-ல் திருத்தந்தை ஆறாம் பவுல் வகுத்த ஒழுங்கு. தண்ணீரும் மருந்தும் இந்நோன்பை முறிப்பதில்லை. 1953-க்கு முன் நள்ளிரவுக்குப் பின் ஒரு மிடறு தண்ணீரும் கூடாதிருந்ததை நம் முதியவர்கள் நினைவில் வைத்திருப்பார்கள். ஆகவே கோயிலுக்குப் புறப்படுமுன் துலக்கி, உறையை மாட்டிக்கொண்டு போகலாம், தண்ணீரும் அருந்தலாம். அப்பம் மெல்லியது, நாவில் தானே கரைவது. கோயிலில் முகத்தை மூடிக்கொண்டு உறையைக் கழற்றிக் கைக்குட்டையில் சுற்றுவதைவிட, அணிந்தபடியே பயபக்தியோடு வாங்கி, வீடு திரும்பியதும் வாய் கொப்புளிப்பது தகும் என எண்ணுகிறோம். ஐயமுள்ளவர்கள் தங்கள் பங்குத்தந்தையைக் கேட்டுக்கொள்ளலாம். தவக்காலத்து நோன்பு இச்சிகிச்சைக்கு இசைவாகவே இருக்கிறது. இடையிடையே கொறிப்பதை நிறுத்துவதுதானே இரண்டும் கேட்பது. எனினும் திருநீற்றுப் புதனிலும் பெரிய வெள்ளியிலும் நோன்பிருக்கும் கடமை 18 வயது நிறைந்தவர்களுக்கே. பள்ளிப் பிள்ளை பல்லைக் காரணம் காட்டிப் பட்டினி கிடந்தால் அதற்கு நோன்பு என்று பெயரில்லை.

பெரியவர்களுக்கு இரண்டு சொல். வெற்றிலை பாக்கு உறையைச் சிவப்பாக்கும் என்பது சிறு குற்றம். உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு முகமை 2004-ல் பாக்கையே புற்றுநோய் உண்டாக்கும் பொருள்களின் வரிசையில் வைத்துவிட்டது. உறை அணிய நேர்ந்ததைச் சாக்கிட்டு அதனை விட்டொழிக்கலாம். கிறிஸ்துமஸ் விருந்தில் சிவப்பு ஒயின் அருந்துகிற வீடுகள் நம் ஊரில் உண்டு. அதுவும் கறையே, அமிலமே. ரவையும் நெய்யும் முந்திரியும் சேர்ந்த நம் கிறிஸ்துமஸ் கேக்கைப் பற்றி நாம் ஒன்றும் சொல்லப்போவதில்லை. உண்டுவிட்டுத் துலக்குங்கள்.

விருந்தோம்புகிறவர்களுக்கும் ஒரு வேண்டுகோள். நம் ஊரில் வீட்டுக்கு வந்தவர் ஒரு வாய் காப்பியாவது குடிக்காமல் போனால் மனவருத்தம். உறை அணிந்தவர் பத்து வீடு போனால் பத்து முறை கழற்ற நேர்கிறது. “தண்ணீர் போதும்” என்று சொல்பவரை ‘எங்கள் வீட்டில் கை நனைக்க மாட்டாயா’ என்று கேட்காதிருங்கள். பெண் பார்க்க வந்த இடத்தில் பஜ்ஜித் தட்டைக் கையில் கொடுத்துவிட்டு, ‘நீயும் எடுத்துக்கொள்ளம்மா’ என்று வற்புறுத்தப்பட்ட ஒரு பெண் கொல்லைக்கு ஓடிய கதையையும் கேட்டிருக்கிறோம்.

கழற்றிய உறைக்கு அதன் பெட்டியே இடம். தாளில் சுற்றினால் குப்பைக்குப் போகும்; சட்டைப்பையில் போட்டால் உட்காரும்போது நொறுங்கும்; மேசைமேல் வைத்தால் வீட்டு நாய் கவ்விக்கொண்டு போகும். தொலைந்துவிட்டால் மருத்துவருக்கு அன்றே தெரிவிக்கவேண்டும். அணிந்து பல நாள் ஆகியிருந்தால் அடுத்த உறைக்குப் போகச் சொல்லலாம். புதிதாயின் முந்தியதை மீண்டும் அணியச் சொல்லலாம். முடிவு அவருடையது, வெறும் வாயோடு காத்திருக்கலாகாது. ஆகவே முந்திய உறையைத் தூக்கி எறியாமல் கழுவி வைத்திருங்கள். நம் மருமகள் அதையும் எறிந்துவிட்டிருந்தாள். புது உறை வரப் பத்து நாள் ஆயிற்று. அதற்குள் பல் சற்றே திரும்பியிருந்தது.

மருத்துவர் என்றது பல் சீரமைப்பில் மேற்படிப்புப் படித்தவரை. நம் கோரிமேட்டில் 1990-ல் தொடங்கப்பட்ட மகாத்மா காந்தி பல் மருத்துவக் கல்லூரி இன்று பட்ட மேற்படிப்பு நிறுவனமாக விளங்குகிறது. இத்தகைய அரசு நிறுவனத்தில் முதலில் பல்லைக் காட்டி, கம்பி ஏற்றதா, உறை ஏற்றதா, ஒன்றும் வேண்டாமா என்று கேட்பது பணத்தையும் மிச்சப்படுத்தும். வீட்டிலேயே மாவை வாயில் வைத்து அச்செடுத்து அஞ்சலில் அனுப்பினால் உறை வரும் என்ற வாணிபத்தை நம்பவேண்டாம். அமெரிக்காவில் அம்முறையில் பெரிதாக வளர்ந்த ஸ்மைல் டைரக்ட் கிளப் என்ற நிறுவனம் 2023 டிசம்பரில் திடீரென மூடப்பட்டது. பாதி நகர்ந்த பற்களோடு பலர் நடுவழியில் நின்றார்கள். ஈறு நோயும் சொத்தையும் உள்ள வாயில் பல்லை நகர்த்தலாகாது; அதனை அஞ்சல்காரர் பார்த்துச் சொல்ல முடியாது.

சென்ற ஞாயிறன்று திருப்பலிக்குப் பின் அந்த வீட்டுக்குப் போயிருந்தோம். ஆட்டுக்கறிக் குழம்பும் தோசையும். பெண் கூச்சமின்றி எல்லார் முன்னும் உறையைக் கழற்றி, ஒரு சிறு தகரப் பெட்டியில் வைத்தாள். ஆயா தம் ஜெபமாலை வைத்திருந்த பழைய பெட்டி அது. மருத்துவமனைப் பெட்டி வெள்ளையாயிருப்பதால் எங்கு வைத்தாலும் தெரியவில்லை என்று, இதில் சிவப்பு நூல் கட்டிக் கொடுத்திருக்கிறார். ஜெபமாலை இப்போது ஆயாவின் கையிலேயே இருக்கிறது. கடிகாரத்தில் அவருக்கு நம்பிக்கையில்லை. பேத்தி முதல் கவளத்தை எடுத்ததும் அவர் ஐம்பத்து மூன்று மணியைத் தொடங்கிவிட்டார். நாங்கள் பேச்சில் ஆழ்ந்து மூன்றாம் தோசைக்குப் போயிருந்தோம். “நாலாம் காரணிக்கம் வந்தாச்சு, எழுந்திரு” என்றார் ஆயா. பெண் எழுந்து கைகழுவப் போனாள். நமக்கு இன்னொரு தோசை வந்தது.